அவைக்கு ஒவ்வாத சொற்கள்: ‘செங்கடல்’ தணிக்கை மறுப்பை மறுபடி வாசித்தல்

லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’ தனுஷ்கோடி மீனவரோடு கூடிச் செய்த படம் என்பதை ஐயுறுவோர் கேட்கும் கேள்வி ஒன்றுதான்: கேமரா யார் கையில் இருந்தது? பட்டறைகளில் கதை உருவானது, மீனவரும் அகதிகளும் நடித்தார்கள் என்பதை அவர்கள் ஒப்புக்கொள்கிறார்கள். ஆனால் ஒளிப்பதிவு எம்.ஜே. ராதாகிருஷ்ணன், படத்தொகுப்பு ஸ்ரீகர் பிரசாத்; போதாக்குறைக்கு, மணிமேகலை என்ற ஆவணப்பட இயக்குநராக லீனாவே திரையில் வருகிறார். ஆகவே ‘கூட்டு’ என்பது வெறும் அடைமொழி என்று முடித்துவிடுகிறார்கள். இந்த முடிபு அவசரமானது என்பதே என் வாதம். அதை மறுக்கும் சான்றைப் படக்குழுவின் பேட்டிகளில் தேட வேண்டியதில்லை. சான்றிதழ் தர மறுத்தவர்கள் சொன்ன காரணங்களிலேயே அது கிடக்கிறது.

சென்னை மண்டலத் தணிக்கையின் மறுப்பு இரண்டு காரணங்களில் நின்றது. ஒன்று, இலங்கை, இந்திய அரசுகளை இழிவுபடுத்தும் அரசியல் பேச்சு. மற்றது, அவைக்கு ஒவ்வாத சொற்கள். இலங்கையில் போர் முடிந்து ஈராண்டுகூட ஆகாத காலம் அது. முதல் காரணமே எல்லாருடைய கவனத்தையும் வாங்கிக்கொண்டதில் வியப்பில்லை. இரண்டாவதை ஒட்டுக்குச் சேர்த்த சாக்கு என்று தள்ளிவிட்டார்கள். எனக்கோ கனமானது இரண்டாவதுதான். அரசை விமர்சிக்கும் வசனத்தைச் சென்னையில் தனி அறையில் உட்கார்ந்து ஒருவரே எழுதிவிடலாம்; அதற்குக் கடற்கரை தேவையில்லை. ஏச்சுக்கோ கடற்கரை வேண்டும். வலையை இழந்து கரையேறியவன் நேவிக்காரனையும் அதிகாரியையும் ஒரே மூச்சில் ஏசும்போது, அரசியல் எங்கே முடிகிறது, வசை எங்கே தொடங்குகிறது என்று பிரிக்க முடியாது. தணிக்கை பிரித்தது; பிரித்து இரண்டு காரணங்களாக்கியது. ஏச்சை நீக்கி எஞ்சியதைப் பேசியிருந்தால் அது மனுவாக இருந்திருக்கும், தனுஷ்கோடியாக இருந்திராது.

ஒலியின் வழியாகக் கூட்டுரிமை நுழைவது புதிதல்ல. நைஜர் ஆற்றில் நீர்யானை வேட்டையாடி வந்த சோர்க்கோ மக்களுக்கு, ஆவணப்பட இயக்குநர் ழான் ரூஷ் அந்த வேட்டையைப் பற்றிய தம் படத்தை 1954இல் திரையிட்டபோது, வேட்டைக் காட்சிக்கு அவர் சேர்த்திருந்த இசையை அவர்கள் ஏற்கவில்லை. சத்தம் கேட்டால் நீர்யானை ஓடிவிடும் என்றார்கள். கேமராவை அவர்கள் கேட்கவில்லை. படத்தில் எது கேட்க வேண்டும், எது கேட்கக்கூடாது என்பதில்தான் உரிமை கொண்டாடினார்கள். கேமராவை மட்டுமே அளக்கும் கோலுக்கு இது எட்டாது.

வலுவான மறுப்பு ஒன்று உண்டு. திரைக்கதையில் ஷோபாசக்தியின் பங்கு இருக்கிறது. கூர்மையான பேச்சு மொழிக்குப் பெயர்போன நாவலாசிரியர் அவர். ஏச்சும் அவர் எழுதியதாக இருக்கலாமே? இருக்கலாம். ஆனால் அவர் புனைவின் பேச்சு யாழ்ப்பாணத் தீவுப்பகுதியுடையது. இராமநாதபுரக் கரையின் ஏச்சுக்கு வேறு சந்தம், வேறு உறவுமுறை விளி. வசனத்தை அவரே எழுதினார் என்று வைத்துக்கொண்டாலும், அதை வாயில் ஏற்றிப் பேசியவர்கள் அந்த ஊர்க்காரர்கள். படம் முடிந்ததும் அதே கடலுக்கு மீன்பிடிக்கப் போக வேண்டியவர்கள், சொன்ன சொல்லுக்கு ஈடு கொடுக்க வேண்டியவர்களும் அவர்கள்தான். கரைவலையில் வள்ளத்துக்கும் வலைக்கும் பங்கு உண்டு, இழுத்தவனுக்கும் உண்டு. வலை யாருடையது என்பதால் இழுத்தவன் பங்கு இல்லாமல் போவதில்லை. இயக்குநர் திரையில் தோன்றுவதால் கூட்டு கெட்டது என்போர்க்கும் இதுவே பதில். இது கதைப்படம், ஆவணப்படமல்ல என்ற மறுப்பு என்னை நிறுத்தவில்லை. ஏச்சு கதைக்குள் வந்தாலும் ஏச்சுதான்.

மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் 2011இல் ஒரு வெட்டும் இல்லாமல் படத்தை விடுவித்தது. அவ்வாண்டே அது கோவா திரைப்பட விழாவின் இந்தியன் பனோரமாவில் இடம்பெற்றது. அந்தத் தீர்ப்பாயம் 2021இல் கலைக்கப்பட்டுவிட்டது. ஆனால் அன்று நடப்பிலிருந்த 1983ஆம் ஆண்டு விதிகளின்படி, சான்றிதழ் கோருபவர் உரையாடலின் எழுத்துப்படியையும் விண்ணப்பத்தோடு தர வேண்டியிருந்தது. அப்படித் தரப்பட்டிருக்க வேண்டிய ‘செங்கடல்’ உரையாடற்படியை இராமநாதபுரக் கடற்கரை வழக்கறிந்த ஒருவர் சொல்சொல்லாகப் படித்து, எந்தச் சொல் எந்தக் கரையுடையது என்று குறித்துப் பதிப்பிக்க வேண்டும். கேமரா யார் கையில் இருந்தது என்ற விவாதத்தை அதுவரை ஒத்திவைக்கலாம்.