ஒரே இரவில் டிஸ்மிஸ்: 2003 வேலைநிறுத்தமும் ஆசிரியர்கள் போன கோர்ட்டும்

சஸ்பெண்ட், டிஸ்மிஸ் இரண்டையும் நாம் ஒன்றாகவே பேசிவிடுகிறோம். சட்டத்தில் இரண்டும் வேறு வேறு. ஒரு அரசுப் பள்ளி ஆசிரியரை டிஸ்மிஸ் செய்ய வேண்டுமென்றால் குற்றச்சாட்டைச் சொல்லி, விசாரணை நடத்தி, அவர் பதிலைக் கேட்ட பிறகுதான் செய்ய முடியும். அரசியல் சட்டத்தின் 311-வது பிரிவு கொடுத்த பாதுகாப்பு அது. சஸ்பென்ஷனுக்கு அந்தப் பாதுகாப்பு கிடையாது. ஏனென்றால் சட்டத்தின் கண்ணில் அது தண்டனையே இல்லையாம்! (பாதிச் சம்பளம் அளவுக்குப் பிழைப்பூதியம் வாங்கிக்கொண்டு வீட்டில் உட்கார்ந்திருப்பவரைக் கேட்டால் வேறு மாதிரி சொல்வார்.)

2003 ஜூலையில் தமிழ்நாட்டில் அந்த 311-ஐயே தாண்டிப் போனார்கள்.

ஓய்வூதியச் சலுகைகள் குறைக்கப்பட்டதை எதிர்த்து அரசு ஊழியர்களும் ஆசிரியர்களும் ஜூலை 2 அன்று வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். முதல்வராக இருந்தவர் ஜெயலலிதா. 2002-இல் கொண்டுவந்த எஸ்மா சட்டம் ஏற்கனவே கையில் இருந்தது. இரண்டே நாளில் அதைத் திருத்தி ஒரு அவசரச் சட்டம் வந்தது. வேலைநிறுத்தம் செய்தவரை விசாரணை இல்லாமலே டிஸ்மிஸ் செய்யலாம் என்றது அது. சுமார் 1,70,000 பேருக்கு வேலை போனது. 2,200-க்கும் மேற்பட்டவர்கள் ஜெயிலில்.

வழக்கு சென்னை உயர்நீதிமன்றத்துக்குப் போனது. விசாரணையில்லாமல் செய்த சஸ்பென்ஷன், டிஸ்மிஸ் எல்லாவற்றையும் நிறுத்தி வைத்து, அவர்களை வேலையில் சேரவிடுங்கள் என்று தனி நீதிபதி இடைக்கால உத்தரவு போட்டார். அரசு அப்பீல் போனது. டிவிஷன் பெஞ்ச் அந்த உத்தரவை ரத்து செய்தது. ஊழியர் பிரச்சினைக்கென்று நிர்வாகத் தீர்ப்பாயம் இருக்கிறது, முதலில் அங்கே போங்கள் என்று சொல்லிவிட்டது. 1997-இல் சந்திரகுமார் வழக்கில் உச்சநீதிமன்றம் சொன்ன வழிதான் அது, சட்டப்படி தப்பில்லை. ஆனால் அந்தத் தீர்ப்பாயத்தில் அப்போது இருந்தது ஒரே ஒரு உறுப்பினர். ஒன்றே முக்கால் லட்சம் பேர் அவர் முன்னால் போய் வரிசையில் நின்றால் யாருக்கு எப்போது தீர்ப்பு வரும்?

மார்க்சிஸ்ட் கட்சியின் டி.கே. ரங்கராஜன் பெயரில் விஷயம் உச்சநீதிமன்றம் போனது. 2003 ஆகஸ்ட் 6 அன்று நீதிபதிகள் எம்.பி. ஷா, ஏ.ஆர். லட்சுமணன் தீர்ப்பு சொன்னார்கள். அரசு ஊழியருக்கு வேலைநிறுத்த உரிமை அடிப்படை உரிமையாகவும் இல்லை, சட்ட உரிமையாகவும் இல்லை, தார்மீக நியாயமும் இல்லை என்ற பகுதியைத்தான் எல்லோரும் மேற்கோள் காட்டுகிறார்கள். அதே தீர்ப்பில் இன்னொன்றும் இருக்கிறது. இப்படிப்பட்ட அசாதாரண நிலையில் உயர்நீதிமன்றம் மனுக்களைத் திருப்பி அனுப்பியிருக்கக் கூடாது என்றும் சொன்னார்கள். பிற்பாடு வேலை இழந்தவர்களுக்கு உண்மையில் உதவக்கூடியது இந்தப் பகுதிதான் என்பது என் எண்ணம். அதை யாரும் அதிகம் பேசுவதில்லை.

வேலை திரும்பக் கிடைத்தது அரசு வக்கீல் கோர்ட்டில் ஒப்புக்கொண்டதால். நிபந்தனையில்லா மன்னிப்புக் கடிதம் எழுதித் தர வேண்டும், நடத்தை விதி 22-ஐ மீற மாட்டேன் என்று உறுதி கொடுக்க வேண்டும். கைதானவர்கள், வழக்குப் பதிவானவர்கள் என்று சுமார் 6,000 பேர் அதிலும் சேரவில்லை. அவர்கள் விஷயத்தை ஓய்வுபெற்ற மூன்று உயர்நீதிமன்ற நீதிபதிகள் பார்க்க வேண்டும் என்று ஆனது. விசாரணையே இல்லாமல் இத்தனை பேரை நீக்கிய அவசரச் சட்டம் செல்லுமா செல்லாதா? அந்தத் தீர்ப்பில் அதற்குப் பதில் இல்லை. வகுப்பில் பாடம் நடத்துகிறவர்கள் மன்னிப்புக் கடிதம் எழுதியதோடு அந்தக் கேள்வி அப்படியே நின்றுவிட்டது.

2004 மே மாதம் நாடாளுமன்றத் தேர்தலில் அ.தி.மு.க. ஒரு தொகுதியில்கூட ஜெயிக்கவில்லை. அதே மாதத்தில் வேலைநிறுத்தக்காரர்கள் மீதான நடவடிக்கைகளை அரசே கைவிட்டது.

2019 ஜனவரி 22 அன்று ஜாக்டோ-ஜியோ மறுபடி வேலைநிறுத்தம் தொடங்கியபோது வந்தது சஸ்பென்ஷனும் 17(பி) குறிப்பாணையும். அந்த நடவடிக்கைகளைக் கைவிடுவதாக அறிவிப்பு வந்தது 2021 பிப்ரவரியில். சட்டமன்றத் தேர்தல் ஏப்ரலில்.