சுந்தராம்பாளின் வெள்ளைச் சேலை

தமிழ்த் திரை நடிகையரின் உடையழகைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் டி. ஆர். ராஜகுமாரியிலிருந்தே தொடங்குவர். 'ஹரிதாஸ்' (1944), 'சந்திரலேகா' (1948) ஆகிய படங்களால் ஓங்கிய அவர் புகழ் அத்தகையது. பட்டும் நகையும் பூவும் பொட்டும் கதாநாயகிக்கு இலக்கணமாகிவிட்ட அக்காலத்திலேயே, இவை எதுவுமின்றி மக்கள் மனத்தில் நிலைபெற்றவர் கொடுமுடி கே. பி. சுந்தராம்பாள்.

1908இல் பிறந்த அவர் நாடக மேடையில் வளர்ந்தவர். அவரும் கணவர் எஸ். ஜி. கிட்டப்பாவும் இணைந்து பாடி நடித்த நாடகங்களுக்குக் கூட்டம் அலைமோதியது. 1933 டிசம்பரில் கிட்டப்பா மறைந்தபோது சுந்தராம்பாளுக்கு வயது 25. அன்று உடுத்திய வெள்ளைச் சேலையை, 1980இல் தாம் மறையும் வரை அவர் மாற்றவேயில்லை. எந்த நடிகருடனும் இணையாக நடிப்பதில்லை என்றும் உறுதி பூண்டார்.

கைம்பெண்ணை மங்கல நிகழ்ச்சிகளிலிருந்து விலக்கி, மூலையில் அமர்த்தச் சமூகம் உடுத்திவிட்ட ஆடை அது. அதை உடுத்தியவர் மேடையேறுவதே அரிது, நாயகியாவது எங்ஙனம்? ஆயினும் 'நந்தனார்' (1935) படத்தில் நடிக்க அவருக்கு ஒரு லட்சம் ரூபாய் தரப்பட்டது. அந்நாளில் அது மலைக்கவைக்கும் தொகை. ஏற்றதோ ஆண் வேடம். ஆகவே உறுதிக்கும் பங்கமில்லை. அவருடைய வெள்ளைச் சேலை கதராகவும் இருந்ததால், காங்கிரஸ் மேடைகளில் அது தேசபக்தியின் அடையாளமாகவும் மதிக்கப்பட்டது. துயரத்தின் நிறம் மதிப்பின் நிறமானது இவ்வாறுதான்.

எனினும் அவர் கொடுத்த விலை சிறிதன்று. 1940இல் துறவு பூண்ட மணிமேகலை. 1953இல் ஜெமினியின் 'ஔவையார்'. 1964இல் 'பூம்புகா'ரில் கவுந்தியடிகள். இல்லறத்தைத் துறந்தோரும் கடந்தோருமே அவருக்கு வாய்த்த பாத்திரங்கள். மணத்தைத் தவிர்க்க இளமையிலேயே முதுமையை வேண்டிப் பெற்றவள் ஔவை என்பது கதை. அப்படத்தில் இளம் ஔவையாகக் குசலகுமாரி தோன்ற, முதிய ஔவையாகச் சுந்தராம்பாள் நடித்தார். அப்போது அவருக்கு வயது 44தான். சங்க காலம் தொட்டு ஔவையார் பலர் இருந்தனர் என்பது புலவர்கள் கூற்று. பாமரர் நெஞ்சிலோ ஔவைக்கு இன்றும் ஒரே முகம்தான்.

1965இல் ஸ்ரீதரின் 'வெண்ணிற ஆடை' வெளிவந்தது. அதில் அறிமுகமான ஜெயலலிதா ஏற்ற இளம் கைம்பெண் பாத்திரத்திற்கு, அந்த வெண்மை இரக்கத்தைத் தேடித் தரும் நிறமாகவே அமைந்தது. அதே ஆண்டின் 'திருவிளையாட'லில், கோபித்துக்கொண்டு மலையேறிய முருகனைப் பாட்டிக்குரிய உரிமையோடு தட்டிக்கேட்டுக் கொண்டிருந்தார் சுந்தராம்பாள்.