செட்டை சொல்லும் சரிதை



மாரி மழை ஓய்ந்ததும், கல்முனை, சாய்ந்தமருது, மருதமுனை ஆகிய ஊர்களை அடுத்த வயல் வாய்க்கால்கள் நிரம்பிவிடும். வரம்போரத்திலே சிறு மீன்களைப் பிடித்துக் கண்ணாடிப் போத்தலில் விட்டு மகிழாத சிறுவர் நம்மவருள் எவர்? மேல்நாட்டார் தொட்டியில் வளர்த்துப் போற்றும் அழகு மீன்களுக்கும் இப்போத்தல் மீன்களுக்கும் உறவு உண்டு. அவற்றை ஒப்பிட்டறிய உதவுவது செட்டையே.

முதலில் பனையேறியைப் பாருங்கள். அதன் முதுகுச் செட்டையின் முற்பகுதி முழுவதும் கூரிய முட்கள். 1791ஆம் ஆண்டிலே தரங்கம்பாடியில் இருந்த தால்தோர்ப் என்பார், இம்மீன் செவுள் மூடியாலும் அடிச் செட்டை முட்களாலும் பற்றிப் பனையில் ஏறியதாக எழுதினார். அக்குறிப்பு 1797இல் இலண்டனில் வெளிவந்தது. பறவைகள் கவ்விச் சென்று மரத்தில் இட்ட மீன்களாக இருக்கலாம் என்பது பிற்கால அறிஞர் சிலரது கருத்து. ஆயினும் பனையேறி ஈரத்தரையில் ஊர்ந்து செல்வது உண்மையே.

இனி வாற் செட்டையை நோக்குவோம். இலங்கையின் கரையோரத் தாழ்நிலங்களில் வாழும் ஒரு சிறு மீனுக்கு, வாலின் நடுக் கதிர்கள் ஈட்டிபோல் நீண்டிருக்கும். குவியே என்னும் பிரெஞ்சு அறிஞர் 1831இல் இதற்குச் சூட்டிய ‘குபானுஸ்’ என்ற பெயர், புதுச்சேரியை அடுத்த அரியாங்குப்பம் ஆற்றின் பெயரால் அமைந்தது. 1861இல் குந்தர் விவரித்த, இலங்கைக்கே உரிய மற்றொரு மீனுக்கோ வாற்கதிர்கள் சீப்பின் பற்களைப்போல் வெளியே நீண்டிருக்கும். சீனத்துச் சொர்க்க மீனின் வால் இரண்டாகப் பிளந்தது. சீயத்துச் சண்டை மீனின் வால், மனிதர் தெரிந்தெடுத்து வளர்த்தமையால் பட்டுத் திரைபோல் விரிந்தது.

செட்டை வேறாயினும் இவையனைத்தும் ஒரே குலத்தன. நீருக்கு மேலே வந்து காற்றை உட்கொள்ளும் உறுப்பு இவற்றின் தலையில் உண்டு. போத்தலில் இவை பிழைப்பது அதனாலேயே. 1869இல் சொர்க்க மீன்கள் கடல் கடந்து பாரிஸ் நகரை அடைந்து, கார்போனியே என்பாரின் தொட்டியில் பெருகியதற்கும் அதுவே பெருந்துணை.

காற்றற்ற சேற்றையும் வெல்லும் இம்மீன்கள், பூச்சிகொல்லி கலந்த நீரையும், மண்ணிட்டு மூடப்படும் பள்ளங்களையும் வெல்லமாட்டா. அயல்நாட்டு நூல்களிலே பெயர் நிலைத்திருக்க, நம் வாய்க்காலிலே மீன் இல்லாது போகலாமா? அடுத்த மாரியிலே உங்கள் பிள்ளை போத்தலுடன் வந்தால் கடிந்து கொள்ளாதீர்கள். அம்மீனின் வாலை இருவருமாக உற்று நோக்கிவிட்டு, அதனை மீண்டும் வாய்க்காலிலே விட்டுவிடுங்கள்.