ஷன்ட்

ரயில் நிலையத்தில் பெட்டிகளைத் தடம் மாற்றும் ‘ஷன்டிங்’ நமக்குப் பழகிய காட்சி. இடைக்கால ஆங்கிலத்தில் ‘சட்டென ஒதுங்கு’ என்ற பொருளில் புழங்கிய சொல் அது. இருப்புப்பாதையில் ஏறி, மின்சாரத்தைத் தொட்டு, மருத்துவத்துக்குள்ளும் வந்துவிட்டது.

குடலிலிருந்து வரும் ரத்தம் ‘போர்ட்டல்’ சிரை வழியாகக் கல்லீரலுக்குப் போகவேண்டும். லத்தீனில் ‘போர்ட்டா’ என்றால் வாசல். அரிதாகச் சிலருக்குப் பிறவியிலேயே ரத்தம் அந்த வாசலுக்குள் நுழையாமல் நேரே பெருஞ்சிரைக்குத் தடம் மாறிவிடும். கல்லீரல் அகற்றாத அம்மோனியா மூளைவரை போய்க் குழப்பம் விளைவிக்கலாம்.

லண்டன் அறுவை மருத்துவர் ஜான் அபர்நெதி இறந்த ஒரு பெண் குழந்தையின் உடலில் இந்தத் தடமாற்றத்தைக் கண்டு 1793இல் எழுதினார். ‘அபர்நெதி குறைபாடு’ என்ற பெயர் அவரால் வந்தது.

வேடிக்கை என்னவென்றால், கல்லீரல் இறுகி போர்ட்டல் அழுத்தம் ஏறிய நோயாளிகளுக்கு மருத்துவர்களே இப்படியொரு மாற்றுவழி அமைப்பதுண்டு. அதற்கும் பெயர் ஷன்ட்தான்.