பெயர் சூட்டியவர் யார்? சிம்பொனிகளின் அடைபெயர்கள் குறித்த ஓர் ஆய்வு

1. ஆய்வுப் பொருளும் எல்லையும்

ஒரு சிம்பொனியின் முறையான பெயரில் வரிசை எண்ணும் சுருதியும் மட்டுமே இருக்கும். 'எண் 94, ஜி மேஜர்' என்பது எளிதில் மறந்துபோகும். 'சர்ப்ரைஸ்' என்பது ஒருமுறை கேட்டாலே மனத்தில் தங்கிவிடும். கச்சேரி நிகழ்ச்சிநிரல்களும் இசைத்தட்டு உறைகளும் இத்தகைய அடைபெயர்களை இசையமைப்பாளரே சூட்டியவைபோல அச்சிட்டு வருகின்றன. அவற்றுள் பல, இசையமைப்பாளர் காதில் ஒருமுறைகூட விழாதவை.

அடைபெயர் ஒவ்வொன்றும் ஒரு வரலாற்றுச் சான்று என்பதே இக்கட்டுரையின் கருத்து. ஆனால் அது எதற்குச் சான்று என்பதைப் பெயரை மட்டும் வைத்துச் சொல்லிவிட முடியாது. சூட்டியவர் யார், எப்போது, எதற்காக என்று தெரிந்த பிறகுதான் அதைக் கொண்டு இசைக்குப் பொருள் சொல்லலாம். 1761இல் யோசப் ஹைடன் எழுதிய 'காலை', 'நண்பகல்', 'மாலை' என்னும் மூன்று சிம்பொனிகளில் தொடங்கி, 1910இல் அரங்கேறிய மாலரின் எட்டாவது சிம்பொனி வரையிலான காலம் இங்கு எடுத்துக்கொள்ளப்படுகிறது.

2. எண்கள் நிலைபெறாத காலம்

இந்தப் பெயர்களை வெறும் விளம்பர உத்தி என்று தள்ளிவிடுவோர் ஒன்றைக் கவனிப்பதில்லை. ஹைடனின் சிம்பொனிகளுக்கு இன்று நாம் வழங்கும் 1 முதல் 104 வரையிலான எண்கள் அவர் இட்டவை அல்ல. ப்ரைட்கோப் உண்ட் ஹார்டெல் நிறுவனத்தின் முழுத் தொகுப்புப் பதிப்புக்காக 1907இல் யுசேபியஸ் மாண்டிசெவ்ஸ்கி வகுத்த வரிசை அது. அதற்கு முன் பதிப்பாளர்கள் சிம்பொனிகளை மூன்றாகவோ ஆறாகவோ கட்டி விற்றார்கள். ஒவ்வொருவரும் தம் போக்கில் எண் போட்டார்கள். டி மேஜரில் மட்டும் ஹைடன் இருபதுக்கு மேல் எழுதியிருக்கிறார். 'ஹைடனின் டி மேஜர் சிம்பொனி' என்று ஒருவர் சொன்னால் எது என்று எப்படித் தெரியும்? அந்தக் குழப்பத்தைத் தீர்த்தது அடைபெயர்தான்.

எண்களைவிடப் பெயர்கள் உறுதியாக நின்றதும் உண்டு. ட்வோர்ஷாக்கின் 'புதிய உலகிலிருந்து' 1893 டிசம்பர் 16 அன்று நியூயார்க் கார்னகி அரங்கில் அரங்கேறியது. அச்சில் அது ஐந்தாவது சிம்பொனியாக வெளிவந்தது. அவருடைய தொடக்ககாலப் படைப்புகளும் கணக்கில் சேர்ந்தபின் ஒன்பதாவதாயிற்று. ஷூபர்ட்டின் பெரிய சி மேஜர் சிம்பொனி, பதிப்புக்கேற்ப ஏழு, எட்டு, ஒன்பது என மூன்று எண்களிலும் வழங்குகிறது. மெண்டல்சனின் 'இத்தாலிய' சிம்பொனி 1833இலேயே அரங்கேறியும் எண் 4 ஆனது. 1842இல் முடிந்த 'ஸ்காட்டிஷ்' எண் 3 ஆனது. மூன்று இடத்திலும் எண்ணை நம்பியவர் தடுமாறுவார். பெயரை நம்பியவருக்குச் சிக்கலில்லை.

3. படைத்தவர் சூட்டியவை

3.1 ஐயத்துக்கு இடமில்லாதவை. பீத்தோவனின் 'பாஸ்டரல்' இவற்றுள் முதன்மையானது. நான்கு பகுதிகள் என்ற வழக்கத்தை மீறி ஐந்து பகுதிகள் எழுதி, ஐந்துக்கும் அவரே தலைப்பிட்டார். ஓடைக்கரைப் பகுதியின் முடிவில் புல்லாங்குழல் நைட்டிங்கேலாகவும் ஓபோ காடையாகவும் கிளாரினெட் குயிலாகவும் ஒலிக்கின்றன. பறவைகளின் பெயரை அவரே இசைப்பிரதியில் எழுதி வைத்திருக்கிறார். அப்படியிருந்தும், இது காட்சியைத் தீட்டுவதல்ல, அதைவிட உணர்வை வெளிப்படுத்துவதே என்று குறிப்பும் சேர்த்தார். தாமே சூட்டிய பெயர் கேட்பவரை எங்கே இட்டுச் செல்லும் என்ற கவலை அவருக்கு இருந்திருக்கிறது.

3.2 அழித்து எழுதப்பட்டது. 'எரோய்க்கா' சிம்பொனியின் தலைப்புப் பக்கம் அடைபெயர் ஆய்வாளர் அனைவரும் பார்க்க வேண்டிய ஒரு தாள். வியன்னாவில் உள்ள இசை அன்பர் சங்கத்தின் ஆவணக் காப்பகத்தில் அது இருக்கிறது. நகலெடுப்பவர் எழுதிய படி அது. நடுவில் 'பொனபார்ட் எனத் தலைப்பிட்டது' என்ற சொற்கள் இருந்த இடம் தாள் கிழிந்து ஓட்டை விழும்வரை சுரண்டப்பட்டிருக்கிறது. நெப்போலியன் தன்னைப் பேரரசனாக அறிவித்துக்கொண்ட செய்தி கேட்டு பீத்தோவன் கொதித்தெழுந்து தலைப்புப் பக்கத்தையே கிழித்தெறிந்தார் என்று அவருடைய மாணவர் ஃபெர்டினாண்ட் ரீஸ் எழுதினார். பாடப்புத்தகங்கள் கதையை அத்தோடு நிறுத்திக்கொள்கின்றன.

ஆனால் அதே தாளின் அடியில், இது பொனபார்ட்டைப் பற்றி எழுதியது என்னும் பொருளில் பென்சிலால் ஒரு குறிப்பு இருக்கிறது. அது பீத்தோவனின் கையெழுத்து. நெப்போலியன் பேரரசனாக அறிவிக்கப்பட்டது 1804 மே மாதத்தில். மூன்று மாதம் கழித்து, ஆகஸ்ட் 26 அன்று, பதிப்பாளருக்கு எழுதிய கடிதத்தில் பீத்தோவன் சிம்பொனியின் தலைப்பு பொனபார்ட் என்றே குறிப்பிடுகிறார். 1806இல் அச்சான பிரதியிலோ பெயர் மறைந்து, ஒரு மாமனிதரின் நினைவைக் கொண்டாட எழுதப்பட்ட வீர சிம்பொனி என்ற வாசகம் மட்டும் நிற்கிறது. காணிக்கை இளவரசர் லோப்கோவிட்ஸுக்குப் போயிற்று. ஒரே நாள் கோபத்தில் முடிந்த செயலாக இதைக் காண முடியாது. விட மனமில்லாமலும் வைத்துக்கொள்ள முடியாமலும் நெடுநாள் தடுமாறிய மனமே இந்தச் சான்றுகளில் தெரிகிறது. அந்தத் தடுமாற்றம் ரீஸ் சொன்ன கதையைவிட பீத்தோவனை நமக்கு நெருக்கமாக்குகிறது.

3.3 சூட்டியபின் நீக்கியது. மாலர் தம் முதல் சிம்பொனிக்கு 1893இல் ஹாம்பர்க்கிலும் மறு ஆண்டு வைமாரிலும் 'டைட்டன்' என்று பெயரிட்டார். 1896இல் பெர்லினில் நடத்தியபோது ஒரு பகுதியையே எடுத்துவிட்டார்; தலைப்பையும் நீக்கினார். இன்றைய நான்கு பகுதி வடிவத்தின்மேல் 'டைட்டன்' என்று அச்சிடுவது, அவர் கைவிட்ட பெயரை அவர் ஏற்ற வடிவத்தோடு ஒட்டவைப்பதாகும்.

3.4 இடைப்பட்டது. ஹைடனின் 45ஆவது சிம்பொனியை (1772) 'பிரியாவிடை' என்கிறோம். இறுதிப் பகுதியில் வாத்தியக்காரர்கள் ஒவ்வொருவராக எழுந்து போக, கடைசியில் இரண்டு வயலின்கள் மட்டும் எஞ்சும். எஸ்டர்ஹாசா மாளிகையில் மாதக்கணக்கில் குடும்பத்தைப் பிரிந்திருந்த கலைஞர்களின் ஏக்கத்தை இளவரசர் நிக்கோலாஸுக்கு உணர்த்தவே அப்படி எழுதினார் என்பது அவர் வாழ்நாளிலேயே வழங்கிய செய்தி. இந்தப் பெயரைப் பிறர்தான் சூட்டினர் என்றாலும் அதன் பொருள் ஹைடனுடையது. இத்தகைய பெயர்களை மற்றப் பட்டப்பெயர்களோடு ஒரே கூடையில் போட்டுவிடக் கூடாது.

4. கேட்டவரும் விற்றவரும் சூட்டியவை

நம் இலக்கணத்தில் சினையாகுபெயர் என்றொரு வகை உண்டு. உறுப்பின் பெயர் முழுமைக்கு ஆகிவருவது. ரசிகர்கள் சூட்டிய பெயர்களில் பெரும்பகுதி இவ்வகைதான். இயற்பெயர் தெரியாத சங்கப் புலவரைச் 'செம்புலப்பெயனீரார்' என்று அவர் பாட்டில் மின்னிய தொடராலேயே தொகுத்தோர் அழைத்ததுபோல, சிம்பொனியும் அதில் துருத்தி நிற்கும் ஓர் ஒலியால் அறியப்படுகிறது. இறுதிப் பகுதியின் சுருதி நாதம் கரடியாட்டத்தை நினைவூட்டியதால் ஹைடனின் 82ஆவது 'கரடி' ஆயிற்று. ஓபோவின் கொக்கரிப்பால் 83ஆவது 'கோழி'. 101ஆவது சிம்பொனியின் இரண்டாம் பகுதியை 1798இல் வியன்னாவில் பியானோவுக்கு மாற்றி வெளியிட்ட பதிப்பாளர் யோஹான் ட்ரேக் அதற்குக் 'கடிகாரம்' என்று தலைப்பு வைத்தார். அதுவே நான்கு பகுதிகளுக்கும் பெயராகிவிட்டது.

94ஆவது சிம்பொனியில் இந்த வகையின் குறை நன்றாகத் தெரிகிறது. இரண்டாம் பகுதியின் மெல்லிய மெட்டு இன்னும் மெல்லியதாய் ஒருமுறை திரும்பி வரும். 16ஆவது தாளக்கட்டில் முழு வாத்தியக் குழுவும் முரசும் சேர்ந்து ஓர் இடி இடிக்கும். ஹைடன் முதலில் எழுதிய வடிவத்தில் அந்த இடி இல்லை, பிறகு சேர்த்தார். தூங்குபவரை எழுப்புவதற்காக என்று எல்லோரும் சொல்வார்கள். ஹைடனின் வாழ்க்கை வரலாற்றை எழுதிய க்ரீசிங்கர் அதை அவரிடமே கேட்டார். புதுமையாக ஏதாவது செய்து ரசிகர்களைக் கவர நினைத்ததாகத்தான் பதில் வந்தது. அந்தச் சிம்பொனி லண்டனில் அரங்கேறிய பருவத்தில் அவர் மாணவர் பிளெயெல் அங்கேயே போட்டிக் கச்சேரிகள் நடத்திக்கொண்டிருந்தார். அந்த ஓர் அடிக்காகக் காத்திருந்து, அது கேட்டதும் காதைத் தளர்த்திவிடும் ரசிகர், தொடர்ந்து வரும் மைனர் சுருதி மாற்றத்தின் ஆழத்தை இழந்துவிடுகிறார். 'சர்ப்ரைஸ்' என்ற பெயரால் வந்த இழப்பு இது.

மொசார்ட்டின் 41ஆவது சிம்பொனி 1788 ஆகஸ்டில் முடிந்தது; 1791இல் அவர் மறைந்தார். 'ஜூபிடர்' என்ற பெயர், நமக்குக் கிடைக்கும் அச்சுச் சான்றுகளில், 1819இல் எடின்பரோ கச்சேரி நிரலில்தான் தலைகாட்டுகிறது. அதைச் சூட்டியவர் ஹைடனை லண்டனுக்கு அழைத்துவந்த யோஹான் பீட்டர் சாலமன் என்று மொசார்ட்டின் மகன் 1829இல் மொசார்ட் குடும்பத்தைக் காண வந்த நோவெல்லோ தம்பதியரிடம் சொன்னார். மாலரின் எட்டாவது சிம்பொனிக்கு 'ஆயிரம் பேரின் சிம்பொனி' என்று பெயர் வைத்தவர், 1910 செப்டம்பரில் மியூனிக் அரங்கேற்றத்தை ஏற்பாடு செய்த எமில் குட்மன். மேடையில் ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் இருந்தது உண்மை. ஆனால் மாலருக்கு அந்தப் பெயர் உவப்பாக இல்லை.

5. இடம் மாறிய பெயர்

ஹைடனின் 96ஆவது சிம்பொனிக்கு 'அற்புதம்' என்று பெயர். கச்சேரியின்போது கூரையிலிருந்து பெரிய சரவிளக்கு அறுந்து விழுந்தது, ஹைடனை அருகில் காணும் ஆவலில் ரசிகர்கள் முன்பக்கம் திரண்டிருந்ததால் நடு இருக்கைகள் காலியாக இருந்தன, யாருக்கும் உயிர்ச்சேதமில்லை. இதுதான் பெயர்க் காரணம். நிகழ்ச்சி மெய்யாகவே நடந்தது. ஆனால் 96ஆவது சிம்பொனி 1791இல் ஹனோவர் சதுக்க அரங்கில் ஒலித்தது. விளக்கு விழுந்ததோ 1795 பிப்ரவரி 2 அன்று, ஹேமார்க்கெட்டின் கிங்ஸ் தியேட்டரில். மறுநாள் லண்டன் பத்திரிகையிலேயே செய்தி வந்திருக்கிறது. அன்றிரவு புதிதாக அரங்கேறியது 102ஆவது சிம்பொனி.

ஆண்டு, அரங்கு, சிம்பொனி மூன்றும் பொருந்தவில்லை என்று தெரிந்த பிறகும் பெயர் 96ஐ விட்டு அகலவில்லை. 102ஆவது சிம்பொனியோ ஹைடன் லண்டனுக்காக எழுதிய பன்னிரண்டில் மிகச் சிறந்தவற்றுள் ஒன்று என்பது என் கருத்து. அடைபெயர் இல்லாத காரணத்தாலேயே அது தன் உடன்பிறப்புகளைவிடக் குறைவாகப் பேசப்படுகிறது.

6. அச்சிடும் முறை

நிகழ்ச்சிநிரல் தொகுப்போருக்கு இந்த ஆய்விலிருந்து ஒரு பரிந்துரை உண்டு. படைத்தவர் சூட்டி இறுதிவரை ஏற்றுக்கொண்ட பெயரை மட்டும் தலைப்பு வரியில் இடலாம். மற்றவற்றைக் குறிப்புப் பகுதியில், சூட்டியவர் பெயரும் தெரிந்தால் ஆண்டும் சேர்த்துத் தரலாம்.

நடைமுறையில் இது எங்கே உதவும் என்பதற்கு சைக்கோவ்ஸ்கியின் இரண்டாவது சிம்பொனி (1872) போதும். உக்ரைனிய நாட்டுப்புற மெட்டுகளில் எழுந்த அதற்கு 'லிட்டில் ரஷ்யன்' என்று பெயர் வைத்தவர் விமர்சகர் நிக்கோலாய் காஷ்கின். உக்ரைனைச் 'சிறிய ரஷ்யா' என்றழைத்த பேரரசுக் கால வழக்கு அது. இப்போது சில இசைக்குழுக்கள் அதை விட்டு 'உக்ரைனிய சிம்பொனி' என்று அச்சிடுகின்றன. வரலாற்றைத் திருத்துகிறார்கள் என்று எதிர்ப்போர், அது சைக்கோவ்ஸ்கி வைத்த பெயரே அல்ல என்பதை அறிந்தால் வாதத்தின் பாதி அடங்கிவிடும். காஷ்கினின் சொல்லை மாற்றுவதால் இசையமைப்பாளரின் ஒரு வரியும் மாறுவதில்லை. 'பாஸ்டரல்' என்பதை மாற்றும் உரிமை மட்டும் யாருக்கும் இல்லை.