அல்பீரூனியும் 64 கட்டங்களும்

2ⁿ > 1,000,000. மிகச் சிறிய முழுவெண் n எது? சமனிலி என்றதும் நம்ம பிள்ளைகள் மடக்கை அட்டவணையைப் புரட்டுகிறார்கள். தேவையே இல்லை. 2¹⁰ = 1,024. அதை அதனாலேயே பெருக்கினால் 2²⁰ = 1,048,576. 2¹⁹ அதில் பாதி, போதாது. விடை 20.

இந்த வழி பழையது. சதுரங்கப் பலகையில் முதற் கட்டத்துக்கு ஒரு மணி, அடுத்ததுக்கு இரண்டு, பிறகு நான்கு என்று வைத்தால் மொத்தம் எத்தனை? 973இல் குவாரிஸ்மில் பிறந்த அல்பீரூனி, 1000ஆம் ஆண்டளவில் எழுதிய நூலில் கணக்கிட்டார். எந்தக் கட்டம் வரை கூட்டினாலும் அடுத்த கட்டத்துக்கு ஒன்று குறைவு: 1+2+4 = 7. ஆகவே 2⁶⁴ தெரிந்தால் போதும். 2, 4, 16, 256, 65,536, 4,294,967,296 என வர்க்கித்துப் போனார். ஆறாவது வர்க்கத்தில் ஒன்றைக் கழித்தால் 18,446,744,073,709,551,615. அம்பாறை என்ன, உலகத்து நெல் முழுதும் கொட்டினாலும் பலகை நிரம்பாது.

‘>’ குறி அவரிடம் இருக்கவில்லை. அது தோமஸ் ஹரியட் இறந்து பத்து வருடம் கழித்து, 1631இல் வெளியான அவரது நூலில் அச்சேறியது. கணிதம் முழுக்க நாம் கொடுத்தது என்று சிலர் பதிவிடுகிறோம். அல்பீரூனியோ சமஸ்கிருதம் படித்து இந்தியரிடம் கற்றதை எழுதிவைத்தவர்.

இன்றிரவு பிள்ளையிடம் கேளுங்கள்: 3ⁿ < 1,000 ஆகும் மிகப் பெரிய n எது? 27ஐ வர்க்கித்தால் 729, அது 3⁶. அடுத்தது 2,187.