கைவினை எங்கே கலையாகிறது: ஹோவர்ட் பெக்கரின் சமூகவியலும் மாமல்லைக் கடற்கரையும்

அமெரிக்கச் சமூகவியலாளர் ஹோவர்ட் பெக்கர் (1928–2023) சிகாகோவில் பிறந்தவர். இளமையில் ஜாஸ் பியானோ வாசித்துப் பிழைத்தவர். கலைஞரைத் தனிப்பெரும் மேதையாகப் பார்க்க அவர் மறுத்ததற்கு இந்த அனுபவமும் ஒரு காரணம் எனலாம். 1982இல் வெளிவந்த 'கலை உலகங்கள்' நூலில், கலைப்படைப்பு என்பது பலர் கூடிச் செய்யும் வேலை என்றார். பொருள் தருபவர், விற்பவர், விமர்சிப்பவர், வாங்குபவர் அனைவருக்கும் அதில் பங்குண்டு. கலைக்கும் கைவினைக்கும் உள்ள உறவைப் பற்றி 1978இல் தனிக் கட்டுரையே எழுதினார். கைவினையில் பயன்பாடும் கைத்தேர்ச்சியும் அளவுகோல்கள். என்ன வேண்டும் என்பதை வாங்குபவர் சொல்வார். அத்துறைக்குள் கலைஞர்கள் நுழையும்போது பயன்பாட்டை ஒதுக்கித் தனித்தன்மையை முன்னிறுத்துகிறார்கள்.

இக்கருத்தை உரசிப் பார்க்க இஞ்சம்பாக்கம் முதல் மாமல்லபுரம் வரையிலான கடற்கரை ஏற்ற இடம். அதன் முன்கதை சென்னையில் தொடங்குகிறது. 1850இல் அலெக்சாண்டர் ஹன்டர் என்ற மருத்துவர் நிறுவிய கலைப்பள்ளி, தொழிற்கலைகளுக்கே நெடுங்காலம் முதலிடம் தந்தது. 1929இல் பொறுப்பேற்ற தேவி பிரசாத் ராய் சௌத்ரி ஓவியத்தையும் சிற்பத்தையும் முன்னுக்குக் கொண்டுவந்தார். அவருக்குப் பின் தலைமையேற்ற கே.சி.எஸ். பணிக்கரின் (1911–1977) காலத்தில் வேறொரு சிக்கல் எழுந்தது. திறமையான ஓவியர்கள் உருவானார்கள். ஓவியம் வாங்க ஆளில்லை.

பணிக்கரும் மாணவர்களும் கண்ட வழி பாத்திக். மெழுகும் சாயமும் கொண்டு துணியில் வரைந்து விற்றார்கள். அந்த வருமானத்தின் துணையோடு 1966இல் அன்றைய செங்கல்பட்டு மாவட்டத்து இஞ்சம்பாக்கத்தில் சோழமண்டல ஓவியர் கிராமம் எழுந்தது. பகலில் கைவினை வயிற்றைக் கவனித்தது. மீதி நேரம் ஓவியத்துக்கு. பெக்கர் சொன்ன வரிசை இங்கே தலைகீழாகிறது. இவர்கள் கைவினையைக் கலையாக உயர்த்தப் புகவில்லை. கலையைச் சந்தையிடமிருந்து காக்கவே கைவினைக்கு வந்தார்கள். ஆனால் கைவினை சும்மா இருக்கவில்லை. கோயில் கவசங்களைப் போல உலோகத் தகட்டைத் தட்டி உருவமெடுக்கும் முறையை பி.வி. ஜானகிராம் நவீனச் சிற்பத்துக்குக் கொண்டுவந்தார். பிழைப்புக்கான தொழில்நுட்பமும் படைப்புக்கான தொழில்நுட்பமும் அடுத்தடுத்த பட்டறைகளில் இருந்தால் ஒன்றிலிருந்து மற்றொன்று கசிவது இயல்பே.

தெற்கே மாமல்லபுரத்தில் நடந்தது வேறு. பல்லவர் சிற்பங்கள் நிறைந்த ஊர் என்றாலும், இன்றைய உளிச்சத்தத்தின் வரலாறு அரசு சிற்பப் பயிற்சி நிலையம் தொடங்கிய 1957இலிருந்து வருவது. பிள்ளையார்பட்டி ஸ்தபதி மரபைச் சேர்ந்த வை. கணபதி ஸ்தபதி (1927–2011) இந்நிலையத்தை நெடுங்காலம் வழிநடத்தினார். குமரிமுனையில் 2000இல் திறக்கப்பட்ட 133 அடி வள்ளுவர் சிலை அவருடைய வடிவமைப்பு. தந்தையிடம் மகன் கற்ற தாளமானக் கணக்கு, அதாவது சிலையின் உறுப்பு அளவு விகிதம், வகுப்பறைப் பாடமாயிற்று; பின்னர் பட்டப்படிப்பும் வந்தது.

மாமல்லபுரத்துச் சின்னங்களை 1984இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தபின் சுற்றுலா பெருகியது. கோயிலுக்கான மூலவரைச் செதுக்கும் பட்டறையிலேயே வரவேற்பறைக்கான புத்தர் தலையும் உருவாகிறது. கல்லும் கையும் ஒன்றுதான். கோயிலுக்குப் போவதற்கு மட்டும் கண் திறக்கும் சடங்கு உண்டு. மற்றதற்கு வேண்டியது விலைச்சீட்டு. ஜெர்மன் சமூகவியலாளர் கியோர்க் சிம்மல் 1904இல் நாகரிகப் பாணி பற்றி எழுதியபோது, பிறரைப் போல இருக்கும் ஆசையும் பிறரிடமிருந்து வேறுபடும் ஆசையும் அதில் சேர்ந்தே இயங்குவதைக் காட்டினார். தோட்டங்களிலும் விடுதி முகப்புகளிலும் கற்சிலை வைக்கும் வழக்கத்துக்கு அது நன்றாகவே பொருந்தும்.

பெக்கரின் சட்டகம் இங்கே ஓரளவுக்கு மேல் உதவாது. கூட்டுழைப்பை அது தெளிவாகக் காட்டுகிறது. யார் உளியெடுக்கலாம் என்பதை நெடுங்காலம் தீர்மானித்த சாதிக்கும், சிலையைச் சரக்கிலிருந்து பிரிக்கும் சடங்குக்கும் அதில் இடம் குறைவு. ஓவியர் கிராமத்துப் படைப்பு அதை வரைந்தவரின் கையொப்பத்தோடு விற்பனையாகிறது. மாமல்லபுரம் கற்சிற்பத்துக்கு 2017இல் கிடைத்த புவிசார் குறியீடு ஊரின் பெயரைக் காக்கிறது. சிற்பத்தைச் செதுக்கியவரின் பெயரைச் சொல்வதில்லை.